இறந்தவர் நேரில் வரவும்

கேள்வி:

அப்பா அரசுப் பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர், வயது 71. ஊர் மேலூர் வட்டத்தில் ஒரு கிராமம். நவம்பர் 3 அதிகாலை மதுரையில் ஒரு தனியார் மருத்துவமனையில் காலமானார். இறப்புச் சான்றிதழில் பெயர் ‘சுப்ரமணி’ என்று வந்திருக்கிறது. பென்ஷன் புத்தகத்தில் ‘எஸ். சுப்பிரமணியன்’, ஆதாரில் ‘சுப்ரமணியன் சங்கரலிங்கம்’, வங்கியில் ‘சங்கரலிங்கம் எஸ்’. சங்கரலிங்கம் என் தாத்தா. அவர் போய் முப்பது வருஷம் ஆகிறது.

வாரிசுச் சான்று மனு இரண்டு முறை திரும்பிவிட்டது. பாட்டி (அப்பாவின் அம்மா), கட்டிக்கொடுத்த தங்கை, இறந்துபோன அண்ணனின் மனைவி, மகள் ஆகியோரைச் சேர்க்கவில்லை என்று முதல் முறை. சேர்த்துப் போட்டால், ஆதார்படி பாட்டி பிறந்தது 1950, அப்பா 1954. தாய்க்கும் மகனுக்கும் நாலு வயசுதான் வித்தியாசமா என்று இரண்டாம் முறை. ரேஷன் கார்டில் அப்பா பெயரை நீக்கச் சொன்னோம், அம்மா பெயர் போய்விட்டது. நவம்பர் பென்ஷன் 30,000 ரூபாய் முழுசாகக் கணக்கில் ஏறியது, தம்பி ஏ.டி.எம். கார்டைப் போட்டு எடுத்துக் கருமாதிக்குச் செலவழித்துவிட்டான். நாமினி இல்லாத 3 லட்சம் டெபாசிட்டுக்கு வங்கியில் கோர்ட்டுக்குப் போகச் சொல்கிறார்கள். நேற்று கருவூலத்திலிருந்து கடிதம்: உயிரோடிருப்பதைக் காட்டும் ஆண்டு நேர்காணலுக்கு அப்பா வரவில்லையாம், நேரில் வராவிட்டால் பென்ஷன் நிறுத்தப்படுமாம். எதிலிருந்து தொடங்குவது? (பெயர்கள் மாற்றப்பட்டுள்ளன.)

பதில்:

இன்றைய தேதியில் அரசாங்கக் கணக்குப்படி உங்கள் வீட்டு நிலவரம் இது. சுப்ரமணி என்று ஒருவர் இறந்திருக்கிறார். அவர் யாரென்று எந்த அலுவலகத்துக்கும் தெரியாது. எஸ். சுப்பிரமணியன் நலமாக இருக்கிறார், மாதாமாதம் பென்ஷன் வாங்குகிறார், நேர்காணலுக்கு மட்டும் வர மறுக்கிறார். வங்கியில் டெபாசிட் போட்டு வைத்திருப்பவர் உங்கள் தாத்தா. ரேஷன் கடைக் கணக்கில் காலமானவர் உங்கள் அம்மா. பாட்டி நாலு வயதில் பிள்ளை பெற்றவர். அழுவதா சிரிப்பதா என்று தெரியாத கட்டத்துக்கு வந்துவிட்டீர்கள். ஆனால் இதில் எதுவும் அபூர்வமில்லை, எல்லாமே சரிசெய்யக்கூடியவை. வரிசை மாறியதுதான் சிக்கல்.

கருவூலத்தில் தொடங்குங்கள், அதுவும் இந்த வாரமே. டிசம்பர் பென்ஷன் மாதக் கடைசியில் ஏறிவிடும். அதற்குள் தகவல் போய்ச் சேர வேண்டும். பெயர் திருத்தம் முடியட்டும், பிறகு சொல்லலாம் என்று காத்திருந்திருக்கிறீர்கள். இறப்பைத் தெரிவிப்பது ஒரு வேலை, குடும்ப ஓய்வூதியம் கேட்பது இன்னொரு வேலை. முதல் வேலைக்குப் பிழையுள்ள சான்றிதழின் நகலே போதும். பி.பி.ஓ. எண்ணை (பென்ஷன் ஆணையில் உள்ள எண்) எழுதிவிட்டால் ஆள் யாரென்று அவர்களுக்குத் தெரிந்துவிடும். கருவூலத்தில் மனிதருக்குப் பெயர் இரண்டாம்பட்சம், எண்தான் முதல். மாநகராட்சியில் பதிவான இறப்பு தானாகக் கருவூலத்துக்குப் போய்ச் சேரும் என்று நம்பி இருந்துவிடாதீர்கள். ஒவ்வொரு அலுவலகத்திலும் தனித்தனியாகத்தான் ஒருவர் இறக்க வேண்டியிருக்கிறது.

இனி அந்த 30,000. ஓய்வூதியம் இறந்த நாள் வரைக்கும் உண்டு, மறுநாளிலிருந்து குடும்ப ஓய்வூதியம். அப்பாவுக்கு நவம்பரில் சேர வேண்டியது மூன்று நாள் பென்ஷன், அதாவது 3,000. மீதி 27,000 கூடுதலாக வந்த பணம். ஆனால் நவம்பர் 4 முதல் அம்மாவுக்குக் குடும்ப ஓய்வூதியம் தொடங்கிவிட்டது. ஓய்வூதியம் கடைசிச் சம்பளத்தில் 50 சதவீதம், குடும்ப ஓய்வூதியம் 30 சதவீதம் என்ற கணக்கில் அம்மாவுக்கு மாதம் 18,000 என்று வைத்துக்கொண்டால், 27 நாளுக்கு 16,200. ஆக உண்மையில் திருப்ப வேண்டியது 10,800 மட்டும். இதை அம்மாவின் நிலுவையில் கழித்துக்கொள்ளும்படி எழுதிக் கேட்கலாம், அல்லது அவர்கள் சொல்லும் சலானில் கட்டிவிடலாம்.

தம்பி செய்தது சரியில்லை என்பதை மட்டும் மழுப்ப முடியாது. கணக்குக்காரர் இறந்ததுமே அந்த கார்டைப் பயன்படுத்தும் உரிமை போய்விட்டது. இயந்திரத்துக்குத்தான் அது தெரியாது, நாலு எண் சரியாக இருந்தால் யாருக்கும் எண்ணிக் கொடுக்கும். இத்தகைய பணம் திருப்பிக் கட்டப்பட்டால் விஷயம் பொதுவாக அத்தோடு முடிந்துவிடுகிறது. மறைத்து, இரண்டாம் மாதமும் எடுத்து, தணிக்கையில் அகப்படும்போதுதான் புகார் வரை போகும். கார்டை இன்றே இரண்டாக வெட்டிப் போடச் சொல்லுங்கள்.

கருவூலத்துக்குப் போகும்போது இன்னொன்றையும் கேளுங்கள். மாநில அரசு ஓய்வூதியர்களிடம் மாதாமாதம் ஒரு சிறு தொகை குடும்பப் பாதுகாப்பு நிதிக்கென்று பிடிப்பார்கள். ஓய்வூதியர் இறந்தால் துணைவருக்கு 50,000 ரூபாய் வர வேண்டும். அதற்குத் தனி விண்ணப்பம் உண்டு. கேட்காவிட்டால் யாரும் எடுத்துச் சொல்வதில்லை.

அடுத்தது இறப்புச் சான்றிதழ். உங்கள் தொல்லைகளில் பாதி முளைத்த இடம் இதுதான். எப்படி நடந்திருக்கும் என்று ஊகிக்கலாம். நள்ளிரவில் கேஷுவால்டி கவுன்ட்டரில் ‘பேஷன்ட் பேரு?’ என்று கேட்டதற்கு, கூட வந்த யாரோ பதற்றத்தில் ‘சுப்ரமணி’ என்று ஊரில் கூப்பிடும் பெயரைச் சொல்லியிருப்பார்கள். அது அட்மிஷன் சீட்டில் ஏறி, கேஸ் ஷீட்டுக்குப் போய், இறப்புச் சுருக்க அறிக்கையில் இறங்கி, அங்கிருந்து பதிவாளருக்கு அனுப்பும் படிவம் 2இல் உட்கார்ந்து, சான்றிதழாக வெளியே வந்துவிட்டது. மருத்துவமனையில் இறந்தால் பதிவாளருக்குத் தகவல் தர வேண்டியது மருத்துவமனைதான். குடும்பத்தார் அந்தப் படிவத்தைப் பார்ப்பதே இல்லை. உடலை ஏற்றுவதற்குள் ஐந்து நிமிடம் அதைக் கேட்டு வாங்கிப் பெயரையும் தகப்பனார் பெயரையும் ஆதாரோடு ஒப்பிட்டுப் பார்த்திருந்தால் இந்தக் கடிதமே வந்திருக்காது. அந்த நேரத்தில் யாருக்கு அது தோன்றும் என்பது நியாயமான கேள்வி. அதனால்தான் துக்க வீட்டில் இதற்கென்று ஒரு ஆளை, கொஞ்சம் தூரத்துச் சொந்தமாகப் பார்த்து, ஒதுக்கிவிட வேண்டும் என்பது.

தலையெழுத்தை மாற்ற முடியாது என்பார்கள். பதிவேட்டு எழுத்தை மாற்றப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம், 1969இல் பிரிவு 15 இருக்கிறது. இறப்பு நிகழ்ந்த இடத்தின் பதிவாளர்தான் திருத்த முடியும், சொந்த ஊர் வி.ஏ.ஓ.வால் ஆகாது. ஆகவே மேலூரில் அலையாதீர்கள். மருத்துவமனை எந்த மண்டலத்தில் இருக்கிறதோ அந்த மாநகராட்சி மண்டல அலுவலகத்தின் பிறப்பு இறப்புப் பிரிவுக்குப் போங்கள்.

கையில் இருக்க வேண்டியவை: முதலில் மருத்துவமனையின் கடிதம். மெடிக்கல் ரெக்கார்ட்ஸ் பிரிவில், ‘எங்கள் பதிவேட்டில் சுப்ரமணி என்று பதிவானவரின் சரியான பெயர் இது’ என்று இன்பேஷன்ட் எண்ணோடு எழுதி வாங்குங்கள். அதே நாளில் இறப்புச் சுருக்க அறிக்கையையும் திருத்தி வாங்கிவிடுங்கள். சான்றிதழைத் திருத்திவிட்டு இதை மறந்தால், காப்பீட்டுக்காரர்கள் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போது மறுபடியும் ஆரம்பமாகும். பிறகு ஆதார், பி.பி.ஓ. நகல்கள். கூடவே, விவரம் அறிந்த நம்பகமான இரண்டு பேரின் உறுதிமொழி. வெறும் எழுத்துப் பிழை என்று பதிவாளர் கருதினால் அவரே திருத்திவிடலாம். விஷயத்திலேயே பிழை என்று கருதினால் அந்த இருவர் வாக்குமூலம் தேவை. ‘சுப்ரமணி’ எந்த வகை என்பது நாற்காலியில் இருப்பவரைப் பொறுத்தது என்பதால் முன்கூட்டியே எடுத்துப் போவது ஒரு நடையை மிச்சப்படுத்தும். ஊரெல்லாம் ஒட்டிய கண்ணீர் அஞ்சலி போஸ்டரில் பெயர் இனிஷியலோடு, பட்டத்தோடு, பிழையில்லாமல் இருந்திருக்கும். அதை ஆதாரமாக ஏற்க மாட்டார்கள்.

எந்தப் பெயருக்குத் திருத்துவது? இங்கேதான் பலர் சறுக்குவார்கள். பென்ஷன் புத்தகத்தில் இருப்பதா, ஆதாரில் இருப்பதா என்று குழம்பி, ஒரு முறை அதற்கும் இன்னொரு முறை இதற்கும் மாற்றக் கேட்பார்கள். ஆதாரில் உள்ளபடி ‘சுப்ரமணியன்’, தகப்பனார் பெயர் ‘சங்கரலிங்கம்’ என்று ஒரே மனுவில் கேளுங்கள். பி.பி.ஓ.வில் உள்ள ‘எஸ்.’ என்பது சங்கரலிங்கம்தான் என்று தகப்பனார் பெயர்க் கட்டம் தானாகவே சொல்லிவிடும். ‘ப்ர’வுக்கும் ‘ப்பிர’வுக்கும் உள்ள வேறுபாட்டைச் சமாளிக்க, நான்கு பெயர்களும் ஒருவரையே குறிக்கும் என்று அம்மா பெயரில் நோட்டரி முன் ஒரு உறுதிமொழிப் பத்திரம் எழுதிக்கொள்ளுங்கள். நான்கையும் எழுத்துக்கு எழுத்து, புள்ளி உட்பட, அந்தந்த ஆவணத்தின் எண்ணோடு அதில் காட்டுங்கள். ஒரே பத்திரம் எல்லா இடத்துக்கும் ஆகும். வங்கிக்கு ஒன்று, கருவூலத்துக்கு ஒன்று என்று தனித்தனியாக எழுதினால் அவற்றுக்குள்ளேயே ஒரு புது வித்தியாசம் புகுந்துவிடும்.

செய்யவே கூடாதது, பாஸ்புக்கிலும் ஆதாரிலும் அப்பா பெயரைத் திருத்தப் போவது. பெயர்த் திருத்தத்துக்கு உரியவர் நேரில் வர வேண்டும் என்பார்கள். ஏற்கனவே ஒரு அலுவலகம் அவரை நேரில் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறது.

திருத்தம் எப்படி நடக்கும் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். பழைய பதிவை அழிக்க மாட்டார்கள். ஓரத்தில் சரியானதை எழுதி, பதிவாளர் கையெழுத்தும் தேதியும் போடுவார். சான்றிதழ் புதிதாக வரும். இப்போதெல்லாம் கியூ.ஆர். குறியீட்டோடு கணினியில் இறக்கிக்கொள்ளும் சான்றிதழ்தான். அதனால் ‘ஒரிஜினல் எங்கே?’ என்று எந்தக் கவுன்ட்டரில் கேட்டாலும் பதறாதீர்கள், எத்தனை பிரின்ட் எடுத்தாலும் அத்தனையும் ஒரிஜினல்தான். வாதாடுவதைவிடக் கலரில் பத்து பிரின்ட் எடுத்து வைப்பது மலிவு. சாவுக்கான காரணம் சான்றிதழில் இல்லையே என்று கேட்பார்கள். இருக்கவும் கூடாது, அதை வெளியிடக் கூடாது என்று சட்டமே சொல்கிறது. காரணம் வேண்டுமென்றால் மருத்துவர் தரும் படிவம் 4. அதன் நகலை நெருங்கிய உறவினருக்குத் தர வேண்டும் என்பது 2023 திருத்தத்தில் வந்துவிட்டது, மருத்துவமனையில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

மூன்றாவது வாரிசுச் சான்றிதழ். முதல் முறை திருப்பியது நியாயம். இந்து வாரிசுரிமைச் சட்டம், 1956இன்படி உயில் எழுதாமல் இறந்த ஆணுக்கு முதல் வகுப்பு வாரிசுகளில் மனைவி, மகன், மகளோடு தாயும் உண்டு. தகப்பனார் கிடையாது, தாய் உண்டு. முன்பே இறந்த மகனின் மனைவியும் பிள்ளைகளும் உண்டு. ‘கட்டிக்கொடுத்தாச்சே’ என்று தங்கையை விடுவதும், ‘வயசாயிடுச்சே’ என்று பாட்டியை விடுவதும் நம் வீடுகளில் வழக்கம். சட்டத்துக்கு அந்த வழக்கம் தெரியாது. உங்கள் வீட்டில் பங்கு ஆறு: அம்மா, பாட்டி, நீங்கள், தம்பி, தங்கை, அண்ணன் கிளை. அண்ணன் கிளைக்கு உரிய ஒரு பங்கை அண்ணியும் அவர் மகளும் பாதிப்பாதி, அதாவது ஆளுக்குப் பன்னிரண்டில் ஒன்று. சான்றிதழில் பங்கு விவரம் வராது, பெயரும் உறவுமுறையும்தான் வரும். அண்ணனின் இறப்புச் சான்றையும் மனுவோடு இணைக்க வேண்டும். அதிலும் அவர் பெயர் சரியாக இருக்கிறதா என்று போடுவதற்கு முன் ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள்.

பாட்டி விஷயத்தில் அவசரம் காட்டுங்கள். சொல்லக் கூச்சமாகத்தான் இருக்கிறது, ஆனாலும் சொல்ல வேண்டியது. மகன் இறந்த நாளிலேயே அவருக்கு ஆறில் ஒரு பங்கு சேர்ந்துவிட்டது. காகித வேலை முடிவதற்குள் அவர் போய்ச் சேர்ந்தால் அந்தப் பங்கு அவருடைய பிள்ளைகள் எல்லோருக்கும் இறங்கும். உங்கள் அப்பாவுக்கு உடன்பிறந்தவர்கள் இருந்தால் சித்தப்பாவும் அத்தையும் உங்கள் வீட்டுப் பட்டாவுக்குள் வந்துவிடுவார்கள். பாட்டிக்கு விருப்பம் இருந்தால் தன் பங்கைப் பதிவு செய்த விடுதலைப் பத்திரத்தில் விட்டுக்கொடுக்கலாம். விருப்பம் இருந்தால் மட்டும். தூக்கத்தில் கைநாட்டு வாங்குவது பற்றி நீங்கள் கேட்கவில்லை, அதனால் நானும் எழுதவில்லை.

நாலு வயதுத் தாய்க்கு வருகிறேன். ஆதார் எடுக்க வந்தவர் ‘வயசு என்ன பாட்டி?’ என்று கேட்டிருப்பார், பாட்டி ‘இருக்கும் ஒரு அறுபது’ என்றிருப்பார், கணினி கழித்துப் பார்த்து 1950 என்று போட்டுக்கொண்டது. இதைத் திருத்த ஆதார் மையத்துக்குப் போனால் பிறந்த தேதிக்குச் சான்று கேட்பார்கள். அந்தத் தலைமுறையில் அதை எங்கே தேடுவது? அந்த வழியை விடுங்கள். ஆதார் பிறந்த தேதிக்கான சான்று அல்ல என்று அதை வழங்கும் ஆணையமே சொல்லியிருக்கிறது. 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றமும் அதை எடுத்துக்காட்டியது. வாரிசுச் சான்றில் முடிவு செய்ய வேண்டியது உறவை, வயதை அல்ல. பழைய ரேஷன் அட்டை, பழைய வாக்காளர் பட்டியல், தாத்தாவின் இறப்புச் சான்று என எதில் இருவர் பெயரும் குடும்பமாக வருகிறதோ அதைத் தேடி இணையுங்கள். ‘ஆதாரில் உள்ள பிறந்த ஆண்டு உத்தேசமானது’ என்று பாட்டியின் கையெழுத்தோ கைரேகையோ வைத்த ஒரு விளக்கக் கடிதம். மூன்றாவது மனுவைப் போடுவதற்கு முன்பே வி.ஏ.ஓ.வை நேரில் பார்த்து இதைச் சொல்லிவிடுங்கள். இ-சேவையில் 60 ரூபாய் கட்டிப் போடும் மனு வி.ஏ.ஓ., வருவாய் ஆய்வாளர் மேசைகளைத் தாண்டித்தான் தாசில்தாரிடம் போகிறது. கீழே விசாரணை அறிக்கையில் ‘இவர் இறந்தவரின் தாயார் என்பது அக்கம்பக்க விசாரணையில் தெரிகிறது’ என்ற ஒரு வரி இருந்தால் மேலே யாரும் கழித்துப் பார்க்க மாட்டார்கள். மனு திரும்பினால் காரணத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த முறை வேறு காரணம் சொல்லப்பட்டால் அது உதவும்.

வங்கி. அங்கே கேட்பது வாரிசுரிமைச் சான்றிதழ். நீங்கள் வாங்கப்போவது வாரிசுச் சான்றிதழ். ஒரு சொல் வித்தியாசம்போலத்தான் தெரியும். முன்னது நீதிமன்றம் தருவது, மாதக்கணக்கில் ஆகும், கட்டணமும் வக்கீல் செலவும் உண்டு. 3 லட்சத்துக்கு அது தேவையில்லை. 2025 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி வெளியிட்ட விதிகளின்படி, நாமினி இல்லாவிட்டாலும் 15 லட்சம் வரை (கூட்டுறவு வங்கிக்கு 5 லட்சம்) எளிய நடைமுறையில், கோர்ட் காகிதம் இல்லாமல் பைசல் செய்ய வேண்டும். கிளெய்ம் படிவம், இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, பின்னால் சிக்கல் வந்தால் தானே பொறுப்பு என்று பணம் வாங்குபவர் எழுதித் தரும் ஈட்டுறுதிப் பத்திரம், வாங்காதவர்களின் மறுப்பில்லாக் கடிதம் இருந்தால் போதும். எல்லாம் கொடுத்த 15 நாளில் பணம் வர வேண்டும். தாமதித்தால் வங்கி விகிதத்துக்கு மேல் 4 சதவீதம் வட்டி. இதை நடைமுறைப்படுத்த வங்கிகளுக்கு 2026 மார்ச் 31 வரை அவகாசம் தரப்பட்டது என்பதால் ‘எங்களுக்கு இன்னும் சர்க்குலர் வரவில்லை’ என்பார்கள். அப்படியானால் இப்போது உங்கள் வங்கியில் உள்ள வரம்பு எவ்வளவு என்று எழுத்தில் கேளுங்கள். எழுத்தில் கேட்டதும் பல கிளைகளில் சர்க்குலர் வந்துவிடுகிறது. டெபாசிட்டை முதிர்வுக்கு முன் உடைத்தாலும், இறப்பு என்றால் அபராதம் பிடிக்கக் கூடாது.

அண்ணன் மகள் மைனர் என்றால் அவள் சார்பில் மறுப்பில்லாக் கடிதம் எழுதி அவள் பங்கை விட முடியாது. 3 லட்சத்தில் அவளுக்கு 25,000. அதை அவள் பெயரில் கணக்குத் தொடங்கிப் போட்டுவிடுங்கள்.

‘சங்கரலிங்கம் எஸ்’ எப்படி வந்தார்? வங்கிக் கணினியில் முதல் பெயர், கடைசிப் பெயர் என்று இரண்டு கட்டம். குடும்பப் பெயர் இல்லாத நமக்கு அதில் ஒரு கட்டத்தில் எப்போதும் அப்பா போய் உட்கார வேண்டியிருக்கிறது. யாரோ எதையோ எதிலோ போட, கணக்கு தாத்தாவுடையதாகிவிட்டது. கணக்குத் தொடங்கிய படிவத்தில் அப்பாவின் போட்டோவும் கையெழுத்தும் இருக்கும், ஆதார் எண்ணும் பான் எண்ணும் இணைந்திருக்கும். நோட்டரி பத்திரத்தோடு அதைச் சுட்டிக்காட்டினால் போதும். தாத்தாவின் இறப்புச் சான்றை மட்டும் அங்கே கொடுத்துவிடாதீர்கள். ‘கணக்குக்காரர் முப்பது வருஷத்துக்கு முன்பே இறந்துவிட்டார்’ என்று ஆகிவிடும்.

சேமிப்புக் கணக்கில் நாமினி இருந்தால் பணத்தை வாங்கும் உரிமை அவருக்கு. ஆனால் வாங்கும் நாமினி மற்ற வாரிசுகளுக்காகக் கையில் வைத்திருப்பவர்தான், சொந்தக்காரர் அல்ல. பாஸ்புக்கைப் பின்னாலிருந்து ஒரு வருடத்துக்குப் புரட்டிப் பாருங்கள். 436, 20 ரூபாய்ப் பற்றுகள் இருந்தால் அவை பிரதமர் பெயரிலான காப்பீடுகள். அப்பா வயதுக்கு அவை பொருந்தாது, ஆனால் 55க்குள் ஒருவர் இறந்த வீட்டில் இதைப் படிக்கிறவர்கள் அந்த 436ஐத் தேட வேண்டும், அது 2 லட்சம்.

அம்மாவை ரேஷன் அட்டையில் உயிர்ப்பிக்க வட்ட வழங்கல் அலுவலரிடம் மனு கொடுங்கள்: அப்பாவின் இறப்புச் சான்று, அம்மாவின் ஆதார், ‘நீக்க வேண்டியவரும் நீக்கப்பட்டவரும் மாறிவிட்டனர்’ என்று ஒரு வரி. அம்மாவையே கூட்டிப் போங்கள், அவரைவிட நல்ல சான்று இல்லை. இதைச் சின்ன விஷயமாக விட்டுவிடாதீர்கள். உத்தரப் பிரதேசத்து ஆசம்கரில் லால் பிகாரி என்பவரை நிலப் பதிவேட்டில் இறந்தவராக எழுதிவிட்டார்கள். தான் உயிரோடு இருப்பதை நிரூபிக்கத் தேர்தலில் நின்றார், மனைவிக்கு விதவை உதவித்தொகை கேட்டு மனுப் போட்டார், பெயரோடு ‘மிருதக்’ (இறந்தவர்) என்று சேர்த்துக்கொண்டார், தன்னைப் போன்றவர்களுக்குச் சங்கமே வைத்தார். 1994இல்தான் பதிவேடு அவரை ஒப்புக்கொண்டது. உங்கள் அம்மாவுக்கு அவ்வளவு தூரம் போகாது. ஆனால் குடும்ப ஓய்வூதியம் தொடங்கியதும் அவரும் வருடத்துக்கு ஒரு முறை உயிரோடிருப்பதை நிரூபிக்க வேண்டியவர். நடக்க முடியாவிட்டால் தபால்காரர் வீட்டுக்கே வந்து 70 ரூபாய்க்கு விரல்ரேகை வைத்து டிஜிட்டல் சான்று போட்டுத் தருவார்.

மற்றவை காத்திருக்கும். வாக்காளர் பட்டியலில் பெயர் நீக்கப் படிவம் 7. வண்டி இருந்தால் இறந்த 30 நாளில் தகவல், மூன்று மாதத்துக்குள் பெயர் மாற்றத்துக்கான படிவம் 31. முதல் கெடு போய்விட்டது, இரண்டாவதை விடாதீர்கள், பெயர் மாறாத வண்டி மோதினால் காப்பீட்டில் இழுக்கும். மின் இணைப்பு, பட்டா எல்லாம் வாரிசுச் சான்றுக்குப் பிறகு. பான் கார்டை ஒப்படைக்க அவசரமில்லை. வரி பிடித்தம் திரும்ப வர வேண்டியிருந்தால் நீங்கள் சட்டப்படியான வாரிசாகப் பதிந்துகொண்டு அவர் கணக்கைத் தாக்கல் செய்ய அது வேண்டும். அப்பாவின் சிம்மை ஆறு மாதம் ரீசார்ஜ் செய்து வைத்திருங்கள். எந்த வங்கி, எந்த பாலிசி, எந்தச் சீட்டு என்று நீங்கள் அறியாததையெல்லாம் குறுஞ்செய்தியே சொல்லும். வரும் ஓ.டி.பி.யை வைத்து உள்ளே மட்டும் நுழையாதீர்கள், அது தம்பியின் ஏ.டி.எம். வேலைக்கு இரண்டாம் பாகம்.

நாளைக்குக் கருவூலத்தில் கொடுக்க வேண்டிய கடிதம் இவ்வளவுதான், அம்மா கையெழுத்தில்:

‘பொருள்: பி.பி.ஓ. எண் …, ஓய்வூதியர் இறப்பு குறித்த தகவல். மேற்கண்ட ஓய்வூதியரான என் கணவர் 3.11.2025 அன்று இறந்துவிட்டார். எனவே தங்கள் கடிதத்தில் கோரியபடி நேர்காணலுக்கு வர இயலாது. ஓய்வூதியத்தை நிறுத்திவிடும்படி கேட்டுக்கொள்கிறேன். நவம்பர் மாதம் கூடுதலாக வரவான தொகை குடும்பத்தாரால் எடுக்கப்பட்டுவிட்டது. அதை எனக்கு வர வேண்டிய குடும்ப ஓய்வூதிய நிலுவையில் கழித்து, மீதம் இருந்தால் கட்டும் விவரம் தெரிவிக்கவும். இறப்புச் சான்றில் பெயர்த் திருத்தம் கோரவுள்ளேன். திருத்திய சான்று கிடைத்ததும் குடும்ப ஓய்வூதிய விண்ணப்பத்துடன் சமர்ப்பிக்கிறேன்.’

இரண்டு பிரதி எடுத்துப் போங்கள். அவர்கள் அனுப்பிய கடிதத்தின் நகலை மேலே வைத்து ஒன்றைக் கொடுத்துவிட்டு, மற்றதில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். முத்திரைக் கட்டையில் தேதியைத் திருப்பி வைக்க மறந்திருப்பார்கள்; கவுன்ட்டரை விட்டு நகர்வதற்குள் அதைப் பாருங்கள், நவம்பர் 2 என்று விழுந்திருந்தால் அப்பா இறப்பதற்கு முன்பே அறிவித்ததாகிவிடும்.